பனியன் சொல்லும் கோட்டுச் சொல்லும்

எங்கள் படுக்கையறைச் சீலிங் விழப்போகிறது என்பதை நான் ஆங்கிலத்தில் தவறாகச் சொல்லிவிட்டேன். நடந்ததற்கெல்லாம் அதுதான் காரணம் என்று குடியிருப்பு நிர்வாகத்தின் கோப்பில் எழுதியிருக்கிறது. மாடி வீட்டுக் குழாய் கசிந்ததைப் பற்றியோ, காரை ஊறியதைப் பற்றியோ அதில் ஒரு வரி கிடையாது.

நான் மூக்குக்கண்ணாடிக் கடையில் வேலை பார்ப்பவன். நிர்வாகத்துக்குச் சொந்தமான அடுக்குமாடிக் கட்டடத்தில் மூன்றாவது மாடியில் வாடகைக்கு இருக்கிறோம், நானும் மனைவியும் மாமனாரும். மாமனார் ரயில் நிலையத்தில் அறிவிப்பாளராக இருந்து ஓய்வு பெற்றவர். அவர் ஸ்டூல் மேல் ஏறி பல்பு மாற்றப்போய்க் கீழே விழுந்து தொடை எலும்பை முறித்துக்கொண்டார். காலில் கயிறு கட்டி, கயிற்றின் மறுமுனையில் எடையைக் கட்டி, கட்டிலின் கால்மாட்டில் தொங்கவிட்டிருந்தார் டாக்டர். கட்டிலை ஒரு விரற்கடை நகர்த்தினாலும் எலும்பு கோணலாகச் சேர்ந்துவிடும், ஆறு வாரம் ஆடாமல் அசையாமல் இருக்க வேண்டும் என்று உத்தரவு.

இரண்டாவது வாரம் சீலிங்கில் ஒரு ஈரத் திட்டு தெரிந்தது. பிறகு அது உப்பியது. சரியாக மாமாவின் நெஞ்சுக்கு நேர் மேலே. அறை முழுக்க எவ்வளவோ இடம் இருந்தும் அதற்கு அந்த இடம்தான் கிடைத்தது. மல்லாந்து படுத்தபடி நாள் முழுக்க அதைப் பார்த்துக்கொண்டிருப்பதைத் தவிர மாமாவுக்கு வேறு வேலை இல்லை. நான் கடையிலிருந்து வந்ததும் உள்ளேயிருந்து அந்தப் பழைய குரல் கேட்கும்.

"பயணிகளின் கனிவான கவனத்திற்கு. மாடியிலிருந்து புறப்பட்டு நெஞ்சு வரை செல்லும் காரை, இன்னும் சற்று நேரத்தில் வந்து சேரும்."

"அப்பா, வாயை வச்சுக்கிட்டுச் சும்மா இருங்க" என்பாள் மனைவி. சொல்லிவிட்டுச் சமையலறைக்குப் போய் மூக்கை உறிஞ்சுவாள்.

நாங்களே கொத்தனாரைக் கூப்பிட முடியாது. குடியிருப்பவர் கட்டடத்தின் மேல் சொந்தமாகக் கை வைத்தால் வீட்டைக் காலி செய்ய வேண்டும் என்பது விதி. நிர்வாகத்தின் பராமரிப்பு மேஸ்திரி எங்கள் கட்டடத்துப் பம்ப் அறையில்தான் உட்கார்ந்திருப்பார். அவரிடம் போய்ச் சொன்னேன். அவரே மாடியேறி வந்து பார்த்தார். அண்ணாந்து பார்த்தவர் முகம் மாறிவிட்டது.

"இது ரொம்ப நாள் தாங்காது சார். அரை நாள் வேலைதான். ஆனா மேலேயிருந்து வேலைச் சீட்டு வரணும். சீட்டு இல்லாம நான் ஏணியைத் தூக்கினா என்னையே தூக்கிருவாங்க. ஆபீசுக்கு ஒரு லெட்டர் போடுங்க. இங்கிலீஷ்ல போடணும்."

போட்டேன். சீலிங் இஸ் அபவுட் டு ஃபால், ப்ளீஸ் கெட் சம்படி டு ஃபிக்ஸ் இட். இரண்டே வரி. என் ஆங்கிலம் கடைக்கு வருகிறவர்களிடம் எழுத்துப் பலகையைக் காட்டி எழுத்துக்களைச் சொல்லச் சொல்கிற ஆங்கிலம். அதற்கு மேல் போகாது. ஆனால் அந்த இரண்டு வரியில் சீலிங்கும் இருந்தது, அது விழப்போவதும் இருந்தது.

பதிலாக, மொழி நயப் பிரிவின் கண்காணிப்பாளரை நேரில் பார்க்கும்படி ஆள் வந்து சொல்லிவிட்டுப் போனான்.

மொழி நயப் பிரிவு நிர்வாக அலுவலகத்தின் மேல்மாடியில், கட்டடத்திலேயே பெரிய அறையில் இருந்தது. பொறியாளர்கள் எல்லாரும் மாடிப்படிக்குக் கீழே ஒரு இடத்தில் ஒண்டிக்கொண்டிருந்தார்கள். பிரிவு தொடங்கிய கதையை வாசலில் காத்திருந்தவர்கள் சொன்னார்கள். முன்பு யாரோ ஒருவர் நிர்வாக இயக்குநருக்கு எழுதிய கடிதத்தை 'ஹாய்' என்று ஆரம்பித்துவிட்டாராம். இயக்குநர் இரண்டு நாள் ஆபீசுக்கு வரவில்லை. மூன்றாம் நாள் வந்து இந்தப் பிரிவைத் திறந்துவைத்தார்.

அறைச் சுவரில் இரண்டு நீளப் பலகைகள். ஒன்றில் கோட்டுச் சொற்கள், இன்னொன்றில் பனியன் சொற்கள். 'ஹெல்ப்' பனியன், 'அசிஸ்டன்ஸ்' கோட்டு. 'ஸ்டார்ட்' பனியன், 'கமென்ஸ்' கோட்டு. பனியன் பலகையின் உச்சியில் சிவப்பு மையில் 'கெட்' என்று இருந்தது. பலகைகளுக்கு நடுவே, உயரமான முதுகு வைத்த நாற்காலியில் கண்காணிப்பாளர் உட்கார்ந்திருந்தார். அவருடைய கண்ணாடி இடது பக்கம் சரிந்திருந்தது. தொழில் புத்தி, என் கை துறுதுறுத்தது.

"இதை எழுதினது நீங்கதானா?"

"ஆமா சார்."

"யாருக்கு எழுதினீங்க?"

"நிர்வாகத்துக்கு."

"நிர்வாகம்னா ஒரு ஆளா? இதை வாசிக்கப் போறவர் யாரு, என்ன பதவி, காலையில என்ன மனநிலையில ஆபீஸ் வந்திருப்பாரு, இதையெல்லாம் யோசிச்சீங்களா?"

"சீலிங்கை யோசிச்சேன் சார்."

"அங்கதான் தப்பு நடந்திருக்கு. சீலிங் வாசிக்கப் போறதில்ல. மனுஷன் வாசிக்கப் போறான். நீங்க பாட்டுக்கு 'கெட்'ங்கிறீங்க, 'ஃபிக்ஸ்'ங்கிறீங்க. பனியனோட கல்யாணத்துக்குப் போவீங்களா? இந்த அறையில 'கெட்'ங்கிற சொல்லை யாரும் உச்சரிச்சுப் பல வருஷமாச்சு. இப்ப நானே உங்களுக்காகத்தான் சொன்னேன்."

சொல்லிவிட்டுக் கைக்குட்டையால் வாயைத் துடைத்துக்கொண்டார்.

வீட்டுக்கு வந்து நானும் மனைவியும் அகராதியோடு உட்கார்ந்தோம். அவள் ஒவ்வொரு சொல்லாகத் தேடித் தேடிக் கோட்டு மாட்டினாள். சீலிங் ஒரு இம்மினன்ட் டிசென்ட் நிலையில் இருப்பதை மிகுந்த பணிவுடன் சமர்ப்பிப்பதாகவும், ரெக்டிஃபிகேஷன் கமென்ஸ் ஆவதற்கு அசிஸ்டன்ஸ் வேண்டுவதாகவும் ஒரு பக்கம் வந்தது. மாமாவுக்கு வாசித்துக் காட்டினேன்.

"டிசென்ட்னா பாராசூட்ல இறங்குற மாதிரி இருக்கே மாப்ள" என்றார். "இது அப்படியெல்லாம் இறங்காது."

மறுநாள் கடிதத்தைக் கொடுத்தேன். அதற்கடுத்த நாளே மறுபடியும் கூப்பிட்டு அனுப்பினார்கள். கண்காணிப்பாளர் முகத்தில் வருத்தம் தெரிந்தது.

"இங்கிலீஷ் பிரமாதம். ஆனா இதை முதல்ல பிரிச்சுப் படிச்சது இன்வார்டு கிளார்க். சின்னப் பொண்ணு. அதுக்குப் போய் 'மிகுந்த பணிவுடன்'னு எழுதியிருக்கீங்க. நீங்க கிண்டல் பண்றதா நினைச்சு அழுதுருச்சு. ஒரு லெட்டர் எத்தனை பேர் கைக்குப் போகுதோ அத்தனை தொனி வேணும் சார். கிளார்க்குக்கு ஒண்ணு, சட்டை போட்ட சொல். இன்ஜினியருக்கு ஒண்ணு, டை கட்டுன சொல். இயக்குநருக்குக் கோட்டு. கடைசியா மேஸ்திரிக்கு ஒண்ணு, அது பனியன்லதான் இருக்கணும். அவருக்குக் கோட்டு போட்டா அது அவரை அவமானப்படுத்துற மாதிரி."

"மேஸ்திரிக்கு நான் நேர்லயே சொல்லிட்டேன் சார். தமிழ்லயே. அவருக்குப் புரிஞ்சுது."

"புரியறது வேற, தொனி வேற" என்றார்.

ஒரே சீலிங்குக்கு நான்கு கடிதம் எழுதினோம். மேஸ்திரிக்கானதை எழுதும்போது மட்டும் எனக்குக் கொஞ்சம் மூச்சு வந்தது. பிரதர், சீலிங் இஸ் கோயிங் டு ட்ராப், கெட் ஹியர் ஃபாஸ்ட். அதில் 'கெட்' இருந்ததால் மற்றவர் கண்ணில் படாதபடி உறையில் போட்டு ஒட்டச் சொன்னார்கள். ஒட்டிக் கொடுத்தேன்.

பிறகு ஒரு நாள் வாசலில் மணி அடித்தது. தொனி ஆய்வாளர் என்று ஒருவர் நின்றுகொண்டிருந்தார். ஒருவழியாகப் பார்க்க வந்துவிட்டார்களே என்று என் மனைவிக்குக் கண் கலங்கிவிட்டது. நாற்காலியைத் துடைத்துப் போட்டாள்.

அவர் சீலிங்கைச் சரிசெய்ய வரவில்லை. 'இம்மினன்ட்', அதாவது 'இதோ நடக்கப்போகிற' என்ற சொல்லுக்குச் சீலிங் தகுதியானதா என்று சரிபார்க்க வந்திருந்தார். அது இயக்குநர் மட்டத்துச் சொல்லாம், கண்ட சீலிங்குக்கெல்லாம் கொடுத்துவிட முடியாதாம். கட்டிலுக்குப் பக்கத்தில் நின்று அண்ணாந்து பார்த்தார். தலையைச் சாய்த்தும் பார்த்தார்.

"ஐயா, இதைப் பார்த்தவுடனே உங்களுக்கு முதல்ல என்ன சொல் தோணுது?" என்று மாமாவைக் கேட்டார்.

"ஐயோ" என்றார் மாமா.

"அது ரொம்பச் சாதாரணப் பேச்சு. உயர் அதிகாரி ஒருத்தர் பக்கத்துல இருக்கார்னு வச்சுக்குங்க. அப்ப என்ன தோணும்?"

"அவரை இங்கே படுக்க வைக்கலாம்னு தோணும்."

ஆய்வாளர் அதைக் குறித்துக்கொள்ளவில்லை. அந்த நேரம் பார்த்து உள்ளங்கை அளவு காரை ஒன்று பெயர்ந்து அவர் தோளில் விழுந்து, அங்கிருந்து மாமாவின் தலையணைக்கு உருண்டது. மனைவி வாயைப் பொத்திக்கொண்டாள். ஆய்வாளர் மட்டும் பதறவே இல்லை. சட்டையைத் தட்டிவிட்டுக்கொண்டார்.

"பார்த்தீங்களா, எந்த முன்னறிவிப்பும் இல்லாம, ரொம்ப இன்ஃபார்மலா விழுந்திருக்கு. இதை ரெக்கார்டுல ஏத்த முடியாது. 'இம்மினன்ட்' கொஞ்சம் அதிகம்தான். 'எதிர்காலத்தில் சாத்தியமுள்ள'ன்னு மாத்திக்கச் சொல்லி எழுதிடறேன்."

அவர் படியிறங்கியதும் மனைவி சாப்பாட்டு மேசையைக் காட்டினாள். "இந்தப் பக்கத்தைப் புடிங்க" என்றாள். இருவருமாகத் தூக்கி வந்து, கட்டிலின் இரு பக்கமும் கால்கள் நிற்கும்படி மாமாவின் மார்புக்கு மேலே மேசையை நிறுத்தினோம். கட்டிய கால் மட்டும் மேசைக்கு வெளியே நீண்டிருந்தது. அன்றிலிருந்து நாங்கள் நின்றுகொண்டு சாப்பிட்டோம்.

"எனக்கு இப்ப ஒண்ணும் தெரியல" என்று மேசைக்கு அடியிலிருந்து குறைபட்டுக்கொண்டார் மாமா. "இருந்த ஒரு பொழுதுபோக்கும் போச்சு."

சாமி வரம் கொடுத்தாலும் பூசாரி கொடுக்கமாட்டான் என்பார்கள். நிர்வாக ஆபீசில் பூசாரிகள் கடிதத்தையே மாற்றிக் கொடுத்துவிட்டார்கள். உறைகள் இடம் மாறி, மேஸ்திரிக்கு எழுதியது இயக்குநர் மேசைக்கும், இயக்குநருக்கு எழுதியது பம்ப் அறைக்கும் போய்விட்டன. பம்ப் அறையைத் தாண்டும்போது மேஸ்திரி ஓடிவந்து என் கையைப் பிடித்துக்கொண்டார். கோட்டுக் கடிதத்தை அவர் சட்டம் போட்டு மோட்டாருக்கு மேலே மாட்டியிருந்தார்.

"முப்பது வருஷ சர்வீஸ்ல இவ்வளவு மரியாதையா எனக்கு யாரும் எழுதினதில்ல சார். என்ன பாராட்டியிருக்கீங்கன்னுதான் தெரியல."

"சீலிங் விழப்போகுதுன்னு எழுதியிருக்கேன் மேஸ்திரி."

"அதுக்கா இவ்வளவு?" என்று அண்ணாந்து சட்டத்தைப் பார்த்தார். "இருந்தாலும் அங்கேயே இருக்கட்டும் சார். சீட்டு வந்திருச்சா?"

சீட்டு வரவில்லை. இயக்குநர் தன்னை 'பிரதர்' என்று அழைத்த கடிதத்தை வாசித்துவிட்டுத் தண்ணீர் வாங்கிக் குடித்தார் என்று மட்டும் கேள்விப்பட்டேன். ஒரு சீலிங் விழப்போகிறது என்று அவருக்கு முதல்முறையாகத் தெளிவாகப் புரிந்த கடிதம் அதுதான். அதனால்தான் கோபம் தாங்கவில்லை போலிருக்கிறது. என் புகார் நிறுத்திவைக்கப்பட்டது. மொழி நயப் பயிற்சி வகுப்பில் தேறிச் சான்றிதழ் வாங்கினால்தான் கோப்பு நகரும் என்றார்கள்.

கடையில் லீவு சொல்லிவிட்டுப் போனேன். முதலாளி என்ன காரணம் என்று கேட்டார். சொன்னேன். நான் பொய் சொல்வதாக நினைத்துச் சம்பளத்தில் பிடித்துக்கொண்டார். அவர்மேல் எனக்கு வருத்தமில்லை. நானாக இருந்தாலும் நம்பியிருக்கமாட்டேன்.

வகுப்பை இயக்குநரே தொடங்கிவைத்தார். கூடம் நிறைய என்னைப்போல ஒழுகுகிற, உடைந்த, தண்ணீர் வராத வீட்டுக்காரர்கள்.

"உங்களில் சிலர் வேலை நடக்கவில்லை என்று வருந்துகிறீர்கள். வேலை எந்த நாட்டிலும், யார் வேண்டுமானாலும் செய்யலாம். நம்முடைய பெருமை வேறு. சென்ற ஆண்டு நம் வளாகத்தில் இரண்டு பால்கனிகள் விழுந்தன. அவை குறித்து வந்த எந்தப் புகாரிலும் ஒரு தொனிப் பிழைகூட இருக்கவில்லை. விழுந்த பிறகு நாங்கள் அனுப்பிய அனுதாபக் கடிதங்களை மக்கள் இன்றும் பாதுகாத்து வைத்திருக்கிறார்கள். எந்த நிர்வாகம் தன் மக்களை இவ்வளவு அழகாகப் புலம்பச் செய்திருக்கிறது?"

எல்லாரும் கைதட்டினார்கள். நானும் தட்டினேன், சான்றிதழ் வேண்டுமே.

பிறகு பயிற்சியாளர் அம்மா வந்தார். வீட்டில் தீப்பிடித்துவிட்டது, இயக்குநருக்கு எப்படித் தெரிவிப்பீர்கள் என்று கேட்டார். எதிர் பிளாக்கில் குடியிருக்கும் தையற்காரி எழுந்து 'ஃபயர்' என்று சொன்னாள்.

"எடுத்த எடுப்பிலே 'ஃபயர்'னா அவருக்கு எப்படி இருக்கும்? முதல்ல நலம் விசாரிக்கணும். அப்புறம் இடம், பொருள், சூழல். கடைசிப் பத்தியில மெதுவா 'கன்ஃப்ளாக்ரேஷன்'."

"கடைசிப் பத்திக்குள்ள பேப்பரே எரிஞ்சிருமே மேடம்" என்றாள் தையற்காரி. அவளை மறுபடி முதல் நாள் வகுப்பிலிருந்து உட்காரச் சொல்லிவிட்டார்கள். அதைப் பார்த்து நான் வாயை மூடிக்கொண்டு, சொல்லச் சொன்னதையெல்லாம் சொன்னேன். சொற்கள் பழகிவிட்டன. மனைவி காபி குடிக்கிறீர்களா என்று கேட்டால் பருக விருப்பம் கொண்டுள்ளேன் என்று கோட்டு மாட்டிக்கொண்டு பதில் வந்தது. அவள் என்னை ஒரு பார்வை பார்த்தாள்.

கடைசி நாள், சான்றிதழ்த் தேர்வு நடந்துகொண்டிருந்தபோது பியூன் ஒரு துண்டுச் சீட்டைக் கொண்டுவந்து பயிற்சியாளர் அம்மாவிடம் கொடுத்தான். கீழே போனில் யாரோ சொன்னதை வரவேற்பில் ஆங்கிலத்தில் எழுதிக் கொடுத்திருந்தார்கள். வாசித்ததும் அம்மாவுக்கு உற்சாகம் வந்துவிட்டது.

"பாருங்க, நல்ல உதாரணம் தானா வந்திருக்கு. 'சீலிங் ஃபெல், கம் ஹோம் குவிக்.' இதுல எத்தனை பிழை? யார் திருத்தறீங்க?"

நான்தான் கை தூக்கினேன். எப்படியாவது தேறிவிட வேண்டும் என்ற வெறி. த சீலிங் ஹேஸ் டிசென்டட், யுவர் ப்ரெசென்ஸ் இஸ் ரிக்வெஸ்டட் என்றேன், உச்சரிப்புச் சுத்தமாக. கூடமே கைதட்டியது. பயிற்சியாளர் அம்மா என் பேருக்கு நேராக ஒரு நட்சத்திரம் போட்டார். அதன் பிறகுதான் சீட்டைத் திருப்பிப் பார்த்தார்.

"இது எந்த வீட்டு நம்பர்?" என்று கேட்டு வாசித்தார். என் வீட்டு நம்பர்.

எப்படி வீடு வந்து சேர்ந்தேன் என்று தெரியாது. கதவு திறந்திருந்தது. படுக்கையறை முழுக்க வெள்ளைப் புழுதி. மேசையின் நடுப் பலகை பிளந்து, அதன் மேல் ஒரு வண்டிக் காரை குவிந்து கிடந்தது. மனைவி தரையில் உட்கார்ந்து மேசைக்கு அடியில் கையை விட்டு அவள் அப்பாவின் கையைப் பிடித்துக்கொண்டிருந்தாள். நான் குனிந்தேன். மாமாவின் புருவம், இமை, மீசை எல்லாம் வெள்ளையாக இருந்தன.

"மாமா..."

"வந்து சேர்ந்துருச்சு மாப்ள" என்றார். எப்போதும் உள்ள குரல் இல்லை அது.

உயிர் தப்பினார். ஆனால் ஒரு பெரிய கட்டி மேசைக்கு வெளியே விழுந்து கயிற்றை அறுத்துவிட்டது. எடை போய், கால் இழுபட்டு, சேர்ந்துகொண்டிருந்த எலும்பு விட்டுப்போயிற்று. டாக்டர் வந்து மறுபடி கட்டினார். இன்று தொடங்கி மறுபடி ஆறு வாரம், அதே கட்டில், அதே இடம். அவர் போனபின் மாமா சுவர்ப் பக்கம் முகத்தைத் திருப்பிக்கொண்டு அழுதார். நான் அவர் அழுது பார்த்தது அன்றைக்குத்தான். சீலிங்கில் பாதிதான் விழுந்திருந்தது. மீதிப் பாதி உப்பிக்கொண்டு நின்றது.

நான் ஒன்றும் எழுதவில்லை. கயிற்றை அறுத்த அந்தக் கட்டியை இரண்டு கையாலும் தூக்கிக்கொண்டு ஆபீசுக்கு நடந்தேன். யாரும் தடுக்கவில்லை. மேல்மாடி ஏறி, கண்காணிப்பாளரின் மேசையில், அவருடைய பேனாத் தாங்கிக்கும் தண்ணீர் டம்ளருக்கும் நடுவில் வைத்தேன்.

அவர் கண்ணாடியைத் தூக்கிவிட்டுக்கொண்டு பார்த்தார். அது மறுபடி சரிந்தது.

"இது யாருக்கு?"

"உங்களுக்குத்தான் சார்."

"எனக்குன்னா இப்படியா கொண்டுவர்றது? ஈரமா இருக்கு. மண்ணு உதிருது. மேஸ்திரிக்குன்னா பரவாயில்ல. என் மட்டத்துக்குக் கொஞ்சம் காயவச்சு, துடைச்சு, ஒரு வெள்ளைத் துணியில சுத்தி..."

சிரிப்பதா, அழுவதா, அவர் கழுத்தைப் பிடிப்பதா என்று தெரியாமல் நான் அண்ணாந்து பார்த்தேன். அப்படிப் பார்த்ததால்தான் கண்ணில் பட்டது. அவர் நாற்காலிக்கு நேர் மேலே, இரண்டு பலகைகளுக்கும் நடுவில், ஈரத் திட்டு ஒன்று. உப்பியிருந்தது. அதன் விளிம்பில் விரிசல் ஓடியிருந்தது. அந்த விரிசலை நான் பல வாரமாக வீட்டில் பார்த்துப் பழகியவன். நான் பார்த்துக்கொண்டிருக்கும்போதே அது அகன்றது.

"சார், மேல..." என்றேன்.

"குறுக்கே பேசாதீங்க. மேல என்ன மேல? மேலதிகாரிங்களைப் பத்தி இங்க..."

எனக்குத் தெரிந்த அத்தனை கோட்டுச் சொல்லும் தொண்டைக்கு வந்து வரிசையில் நின்றன. இம்மினன்ட், டிசென்ட், ரிக்வெஸ்டட். ஒன்றாவது வெளியே வரவேண்டுமே. வந்தது வேறு.

"கெட் அப், மேன்!"

அந்த அறையில் தட்டச்சுச் சத்தம் நின்றது. இன்வார்டு கிளார்க் பெண் எழுந்தே நின்றுவிட்டாள். கண்காணிப்பாளர் முகம் சிவந்தது. என்னை வெளியே தள்ளிவிட வேண்டும் என்ற ஆத்திரத்தில் நாற்காலியை விட்டுப் பாய்ந்து எழுந்து, மேசையைச் சுற்றிக்கொண்டு என்னை நோக்கி வந்தார்.

"என்னய்யா சொன்ன? யாரைப் பார்த்து என்ன சொன்ன?"

அவருக்குப் பின்னால் சீலிங் இறங்கியது. பாராசூட்டில் இறங்கவில்லை. நாற்காலியின் உயரமான முதுகு முறிந்து, பனியன் பலகையும் கோட்டுப் பலகையும் ஆணி பிடுங்கிக்கொண்டு ஒன்றின் மேல் ஒன்றாக விழுந்தன. புழுதி அடங்கியபோது அவர் என் சட்டையைப் பிடித்தபடியே திரும்பி, தான் உட்கார்ந்திருந்த இடத்தைப் பார்த்துக்கொண்டிருந்தார். பிறகு சட்டையை விட்டுவிட்டு ஜன்னலுக்கு ஓடினார். நிர்வாகத்தின் மொழி நயப் பிரிவுக் கண்காணிப்பாளர், ஜன்னல் கம்பியைப் பிடித்துக்கொண்டு, வளாகம் முழுக்கக் கேட்கும்படி பம்ப் அறையைப் பார்த்துக் கத்தினார்.

"மேஸ்திரி! கெட் ஹியர்! குவிக்!"

மேஸ்திரி ஏணியோடும் இரண்டு ஆட்களோடும் ஓடிவந்தார். சீட்டு கேட்கவில்லை. சாயங்காலத்துக்குள் மிச்சக் காரையைத் தட்டி எடுத்து, புதிதாகப் பூசி, வெள்ளையும் அடித்துவிட்டார். நான் படிக்கட்டில் உட்கார்ந்து காத்திருந்தேன். ஏணியைத் தோளில் வைத்துக்கொண்டு இறங்கி வந்தவர் என் பக்கத்தில் நின்றார்.

"சார், உங்க மாமனார் இப்ப எப்படி இருக்கார்?"

"பாதி சீலிங் இன்னும் தலைக்கு மேல நிக்குது மேஸ்திரி. வாங்க."

இதை எந்தச் சொல்லில் சொன்னேன், அதற்கு எந்தச் சட்டை என்று நான் யோசிக்கவில்லை. அவரும் யோசிக்கவில்லை. ஆபீஸ் வேலைக்கு இறக்கிய சிமெண்டில் மிச்சம் இருக்கிறது, அது கெட்டியாவதற்குள் போவோம் என்றார். மாமாவின் மேல் தார்ப்பாயைப் போர்த்தி, கட்டிலை அசைக்காமல், மேசைக்கு இந்தப் பக்கமும் அந்தப் பக்கமும் பலகை போட்டு நின்று, மீதிக் காரையைக் கையாலேயே பெயர்த்து எடுத்து, புதிதாகப் பூசி வெள்ளையடித்தார்கள். வேலை முடிந்ததும் உடைந்த மேசையை எடுத்துவிட்டோம். மாமா வெகு நேரம் அந்தச் சமமான வெள்ளையைப் பார்த்துக்கொண்டிருந்தார். பிறகு எதையோ அறிவிக்க வாயைத் திறந்து, அறிவிக்க ஒன்றுமில்லாமல் மூடிக்கொண்டார்.

அடுத்த வாரம் நிர்வாகத்திலிருந்து எனக்கு ஒரு குறிப்பாணை வந்தது. அலுவலக அறைக்குள், உயர் அதிகாரி ஒருவரை நோக்கி, தடை செய்யப்பட்ட சொல்லைப் பயன்படுத்தி உரத்த குரலில் விளித்ததற்கு ஏன் நடவடிக்கை எடுக்கக் கூடாது என்று கேட்டிருந்தார்கள். பயிற்சி வகுப்பில் பெற்ற நட்சத்திரம் ரத்து செய்யப்பட்டிருந்தது. படுக்கையறைச் சீலிங் குறித்த என் புகாரைப் பொறுத்தவரை, சம்பந்தப்பட்ட பொருள் ஏற்கெனவே கீழே வந்துவிட்டபடியால் கோப்பு முடித்துவைக்கப்படுகிறது என்றும் இருந்தது. ஆங்கிலம் மிகவும் நன்றாக இருந்தது.

வாசிக்க வாசிக்க எனக்கு உடம்பெல்லாம் எரிந்தது. கட்டிலுக்குப் பக்கத்தில் நின்று முழுவதையும் மாமாவுக்கு வாசித்துக் காட்டினேன். அவர் கண்ணை மூடிக்கொண்டு கேட்டார்.

"கீழே கையெழுத்து யாரோடது?"

"கண்காணிப்பாளரோடது."

"அவரே போட்டதா?"

"அவரே போட்டதுதான் மாமா."

"அப்ப விடுங்க மாப்ள" என்றார். "அந்த மனுஷன் உயிரோட இருக்கப் போய்தானே போட்டிருக்காரு."